கூடார ஜிப் பின்னால் வாய் பிளக்கிறதா? முதலில் ரன்னரைப் பாருங்கள்

கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன், பின்னால் படிக்க வருபவர்களுக்கும் உதவும். நான்கு பேர் படுக்கும் கூடாரம். சிங்கப்பூரில் ஈஸ்ட் கோஸ்ட், பாசிர் ரிஸ் கடற்கரைகள், எப்போதாவது புலாவ் உபின் தீவு என்று குடும்பத்தோடு எடுத்துப்போவது. இப்போது வாசல் ஜிப்பை இழுத்து மூடினால், ரன்னர், அதாவது பிடித்து இழுக்கும்போது பற்களின்மேல் ஓடும் துண்டு, மறுமுனைக்குப் போய்ச் சேர்வதற்குள் பின்னாலேயே வாய் பிளந்துகொள்கிறது. தேசிய சேவைக்கு, அதாவது கட்டாய ராணுவப் பணிக்கு, போகவிருக்கும் மகனின் மழை ஜாக்கெட் ஜிப்போ நகரவே மாட்டேன் என்கிறது. தேங்காய் எண்ணெய் தடவச் சொல்கிறார் மாமியார். மெழுகுவத்தி தேய்க்கச் சொல்கிறது யூடியூப். கூடாரத்தைத் தூக்கிப் போட்டுவிட்டுப் புதிது வாங்கலாம் என்கிறார் கணவர். யார் சொல்வதைக் கேட்பது?

கணவர் யோசனையை இப்போதைக்குத் தள்ளிவையுங்கள். தேங்காய் எண்ணெய் வேண்டவே வேண்டாம். மெழுகுக்கு வேலை இருக்கிறது, ஆனால் அது கடைசி வேலை. இந்த ஊரில் ஒரு ஜிப்பின் ஆயுளைத் தீர்மானிப்பது நல்ல தண்ணீரில் அலசும் பழக்கம்தான். இணையத்தில் கிடைக்கும் அறிவுரையில் பாதி, பனி உறையும் நாடுகளில் மலையேறுகிறவர்கள் எழுதியது. அவர்கள் கவலை ஜிப் உறைந்துபோவது. நம் கவலை மணல், உப்பு, என்றைக்கும் முழுசாகக் காயாத காற்று. அதனால் வேலையின் வரிசையும் நமக்கு வேறு: முதலில் கழுவு, பிறகு காயவை, பிறகு ரன்னரைச் சரிபார், எல்லாம் முடிந்தபின் தேவைப்பட்டால் மட்டும் கொஞ்சமாகத் தடவு.

நண்பர்கள் கொண்டுவரும் பைகளையும் கூடாரங்களையும் பழுதுபார்ப்பது எனக்கு நெடுநாள் பழக்கம். அதில் பார்த்தவரையில், "பல் போச்சு" என்று கொண்டுவரும் ஜிப்புகளில் பெரும்பாலானவற்றில் பல் திடமாகத்தான் இருக்கும். கெட்டிருப்பது ரன்னர். ஏன் என்று புரிந்தால் மீதி எல்லாம் தானாகப் புரியும், அதனால் இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன்.

ரன்னரைப் பக்கவாட்டில் வைத்து வெளிச்சத்தில் பாருங்கள். மேலே ஒரு தகடு, கீழே ஒரு தகடு. முன்பக்கம் இரண்டு வாய், பின்பக்கம் ஒரே வாய். முன்பக்கம் இரு தகடுகளுக்கும் நடுவில் ஒரு சின்ன ஆப்பு இருக்கிறது. திறக்கும்போது பற்களைப் பிரிப்பது அதுதான். மூடும்போது இரண்டு வரிசைப் பற்களும் முன்வாய்கள் வழியாக நுழைந்து, பின்னால் குறுகும் பாதையில் ஒன்றோடொன்று அழுத்தப்பட்டுப் பூட்டிக்கொள்கின்றன. ஸ்வீடனில் பிறந்து அமெரிக்காவில் வேலைபார்த்த கிடியன் சுண்ட்பேக் 1917-இல் காப்புரிமை பெற்ற அமைப்பு இது. நூறு ஆண்டு தாண்டியும் அடிப்படை மாறவில்லை.

இதில் முக்கியமான அளவு ஒன்றே ஒன்று: பின்வாயில் மேல் தகட்டுக்கும் கீழ்த் தகட்டுக்கும் உள்ள இடைவெளி. தகட்டின் உள்பக்கம் தேயத் தேய அந்த இடைவெளி கூடும். தலைமுடி அளவு கூடினாலே போதும், பற்களை அழுத்திச் சேர்க்கும் பலம் போய்விடும். ரன்னர் ஓடும், பற்கள் பக்கத்தில் பக்கத்தில் வந்து நிற்கும், ஆனால் பூட்டிக்கொள்ளாது. உங்கள் கூடாரத்தில் நடப்பது அநேகமாக இதுதான்.

உறுதிசெய்ய ஒரு சோதனை இருக்கிறது. ஜிப்பை மெதுவாக மூடித் திறந்து, மறுபடி மூடிப் பாருங்கள். ஒவ்வொரு தடவையும் ஒரே இடத்தில் பிளந்தால் அந்த இடத்தில் பல்லோ, பற்களைத் தாங்கும் பட்டைத் துணியோ கெட்டிருக்கிறது. போகிற இடமெல்லாம் பிளந்தால் ரன்னர் தேய்ந்திருக்கிறது. வாசலில் இரண்டு ரன்னர் இருந்தால் இன்னும் சுலபம்: ஒன்று மூடும்போது மட்டும் பிளந்து, மற்றது ஒழுங்காக மூடினால் சந்தேகமே இல்லை. பெரும்பாலும் அடிக்கடி இழுக்கும் ரன்னர்தான் முதலில் போகும்.

இனி, ஏன் தேய்கிறது? கடற்கரை மணலில் நிறைய இருப்பது குவார்ட்ஸ். கடினத்தன்மையை 1 முதல் 10 வரை குறிக்கும் மோஸ் அளவில் அது 7. ரன்னர் வார்க்கும் துத்தநாகம் அதே அளவில் 2.5 பக்கம் நிற்கும். கூடார ஜிப்பில் பல்லாக இருக்கும் நைலான் அல்லது பாலியெஸ்டர் சுருளில் ஒட்டியிருக்கும் மணலோடு ரன்னரை இழுக்கும்போது, உப்புத்தாளை மடித்து உள்ளே வைத்துத் தேய்ப்பது போலத்தான். சுருள் வளைந்து கொடுத்துத் தப்பிக்கும். தகடு தப்பிக்காது.

உப்பின் வேலை வேறு மாதிரி. சாதாரண உப்பு, காற்றின் ஈரப்பதம் 75 விழுக்காட்டைத் தாண்டினால் காற்றிலுள்ள நீரை உறிஞ்சித் தானாகவே கரைந்துவிடும். கடலுப்பில் மக்னீசியம் குளோரைடும் கலந்திருப்பதால் அதற்கு முன்பே கசியத் தொடங்கும். சிங்கப்பூரில் ஆண்டுச் சராசரி ஈரப்பதமே 80 விழுக்காட்டுக்கு மேல். விடியற்காலையில் 90-ஐத் தாண்டுவது சகஜம். மழையில்லாத பிற்பகலில் 60 வாக்கில் இறங்கும். அதாவது, கடற்கரையிலிருந்து வந்து அலசாமல் அலமாரியில் வைத்த ஜிப்பில் இருக்கும் உப்பு, இரவெல்லாம் கரைசலாகி உலோகத்தை அரிக்கிறது, பிற்பகலில் பொரிந்து பற்களுக்கு நடுவில் கல்லாக நிற்கிறது. மறுநாள் இரவு மறுபடி. கூடாரத்தை ஆறு மாதம் தொடவில்லையே, எப்படிக் கெட்டது என்று கேட்பவர்களுக்கு இதுதான் பதில். தொடாமல் இருந்தபோதுதான் கெட்டது. ரன்னரில் வெள்ளைப் பொடி பூத்திருந்தால் அது துத்தநாகமோ அலுமினியமோ அரித்ததன் அடையாளம். பச்சையாகப் பூத்திருந்தால் பித்தளை.

கழுவும் முறைக்கு வருவோம். ஈரப்படுத்துவதற்கு முன் மணலை உதிர்க்க வேண்டும். பலர் நேரே ஷவரைப் பிடிப்பார்கள். நனைந்த மணல் சுருளுக்குள் இன்னும் ஆழமாகப் போய் உட்காரும். ஜிப்பை முழுக்கத் திறந்து, தலைகீழாகப் பிடித்து உதறுங்கள். மென்மையான பழைய டூத் பிரஷ்ஷால் பற்களின் குறுக்கே, வெளிப்பக்கம் உள்பக்கம் இரண்டிலும், காய்ந்த நிலையிலேயே ஒரு தடவை துலக்குங்கள். பிறகு ஒரு வாளி வெதுவெதுப்பான தண்ணீரில் பாத்திரம் கழுவும் திரவம் நாலு சொட்டு. ஜிப் பகுதியை மட்டும் அதில் முக்கி, பிரஷ்ஷால் தேய்த்து, தண்ணீருக்குள்ளேயே ரன்னரை மேலும் கீழும் மெதுவாக ஓட்டுங்கள். ரன்னரின் உள்ளே ஒட்டியிருக்கும் மணல் வேறு எப்படியும் வெளியே வராது. கலங்கிய தண்ணீரைக் கொட்டிவிட்டு, நல்ல தண்ணீரில் அலசுங்கள். நுரை நிற்கும்வரை அலச வேண்டும். எச்சமாக நிற்கும் சோப்பும் ஈரத்தை இழுக்கும்.

வெள்ளைப் பொடி பூத்து ரன்னர் அசையவே மறுத்தால், வெள்ளை வினிகரில் நனைத்த துணியை அதன்மேல் சில நிமிடம் சுற்றி வையுங்கள். பிறகு பிரஷ், பிறகு நிறையத் தண்ணீர். புளி, எலுமிச்சை போட்டுத் தேய்க்கலாமா என்று ஒரு அம்மா கேட்டார். அமிலம் என்ற வகையில் அதுவும் வேலை செய்யும்தான், ஆனால் குத்துவிளக்கைத் துலக்குகிற வேலை இல்லை இது. துணியில் கறை பிடிக்கும், வினிகரே போதும்.

காயவைப்பது நிழலில், காற்றாடிக்குக் கீழே. வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டில் துணிக்கம்பில் வெளியே நீட்டுவதானால் காலை வெயிலோடு எடுத்துவிடுங்கள். பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் இருக்கிறோம், புற ஊதாக் கதிர் நைலானை இளைக்க வைக்கும். அதைவிட முக்கியம், ஜிப் பட்டையைத் தைத்திருக்கும் நூல் இற்றுவிடும். ஜிப்பைத் திறந்தபடியே தொங்கவிடுங்கள். துணி சீக்கிரம் காய்ந்துவிடும், மடித்துத் தைத்த ஓரமும் பட்டையும் காய அதைவிட நேரமாகும். கையால் தொட்டுப் பார்த்துச் சில்லென்று இருந்தால் இன்னும் ஈரம் இருக்கிறது.

ஜாக்கெட்டும் பையும் சலவை இயந்திரத்துக்குப் போவதானால் அங்கே விதி தலைகீழ்: ஜிப்பை முழுக்க மூடிவிட்டுப் போட வேண்டும். திறந்து கிடந்தால் ரன்னர் டிரம்மில் மோதி அடிவாங்கும், பற்கள் முறுக்கிக்கொள்ளும், பக்கத்துத் துணியும் கிழியும். துணி மென்மையாக்கும் திரவம் வேண்டாம். மழை ஜாக்கெட்டின் நீர் ஒட்டாத தன்மையை அது கெடுக்கும். கூடாரத்தை இயந்திரத்தில் போடவே கூடாது. இஸ்திரிப் பெட்டியை எந்தப் பிளாஸ்டிக் ஜிப்பின் மேலும் வைக்காதீர்கள்.

கழுவிக் காயவைத்ததும் பாதிக் கேஸ் முடிந்துவிடும். மகனின் ஜாக்கெட்டுக்கு அநேகமாக அதற்குமேல் எதுவும் தேவைப்படாது. ஆனால் ஒன்றைப் பாருங்கள்: ஜிப்பின் வெளிமுகத்தில் பற்களே தெரியாமல் ரப்பர் மாதிரி வழவழப்பாக இருக்கிறதா? அப்படியானால் அது பாலியூரித்தேன் பூச்சுப் போட்ட ஜிப். ஒய்கேகே நிறுவனம் அக்வாகார்டு என்ற பெயரில் விற்பது இந்த வகைதான். சுருளை உள்பக்கம் திருப்பி, முதுகில் பூச்சு ஏற்றியிருப்பார்கள். அது இயல்பிலேயே கொஞ்சம் இறுக்கமாகத்தான் ஓடும். பூச்சின் இரண்டு விளிம்புகளும் ரன்னருக்குள் உரசிக்கொண்டு போவதால் வரும் இறுக்கம் அது. பழுது என்று நினைத்து வெளிமுகத்தில் மெழுகைத் தேய்த்தால் அழுக்குதான் சேரும். தடவுவதானால் உள்பக்கச் சுருளில், மெல்லிதாக. இன்னொன்று, கொசு மருந்து. டீட் கலந்த மருந்து சில பிளாஸ்டிக்குகளை இளக்கிவிடும். உபினில் கையெல்லாம் பூசிக்கொண்டு உடனே ஜாக்கெட் ஜிப்பைப் பிடிக்காதீர்கள், துடைத்துவிட்டுப் பிடியுங்கள்.

கூடாரத்து ரன்னரைச் சரிசெய்வது எப்படி? வேண்டியது ஒரு சிறிய குறடு. மூக்கு நீண்டதாக இருந்தால் நல்லது. ரன்னரைத் திறந்த நிலையின் கடைசி முனைக்குக் கொண்டுவாருங்கள். பின்வாய், அதாவது மூடிய பற்கள் வெளியே வரும் பக்கம், அங்கேதான் அழுத்த வேண்டும். ஆப்பு இருக்கும் முன்பக்கத்தைத் தொடாதீர்கள். பின்வாயின் இடது ஓரத்தில் மேல் தகட்டையும் கீழ்த் தகட்டையும் சேர்த்துப் பிடித்து, லேசாக ஒரு அழுத்து. வலது ஓரத்திலும் அதே அளவு. நடுவில் அழுத்தினால் பட்டை ஓடும் பாதை நசுங்கும். பெயிண்ட் பெயரக்கூடாது என்றால் நடுவில் ஒரு துண்டுத் துணியை வைத்துக்கொள்ளுங்கள். அழுத்தியதும் ஓட்டிப் பாருங்கள். இன்னும் பிளந்தால் மறுபடி ஒரு அழுத்து, மறுபடி ஓட்டம். ஒரே மூச்சில் நெரித்தால் வார்ப்புத் துத்தநாகம் சட்டென்று விண்டுவிடும்; அது எஃகு மாதிரி வளைந்து கொடுக்காது. அளவு மீறி இறுகிவிட்டால், சின்ன தட்டை ஸ்குரூடிரைவரைப் பின்வாயின் ஓரத்தில் விட்டு ஒரு நெம்பு நெம்பினால் தளரும்.

இந்த வைத்தியம் தற்காலிகம்தான். தேய்ந்த தகட்டின் கனம் திரும்பி வராது. இடைவெளியைக் குறைத்திருக்கிறோம், அவ்வளவே. ஆனாலும் ஒழுங்காகக் கழுவி வைத்தால் நெடுநாள் ஓடும். இரண்டாவது, மூன்றாவது தடவையும் அழுத்தவேண்டி வந்தால் ரன்னரை மாற்றிவிடுங்கள்.

மாற்றுவதற்கு முன் ரன்னரின் முதுகைப் பாருங்கள். 3, 5, 8, 10 என்று ஏதாவது எண் பொறித்திருக்கும். மூடிய பற்களின் அகலம் ஏறத்தாழ இத்தனை மில்லிமீட்டர் என்று வைத்துக்கொள்ளலாம். எண்ணோடு சி என்ற எழுத்து வந்தால் சுருள் ஜிப்புக்கானது, வி என்று வந்தால் தனித்தனியாக வார்த்த பிளாஸ்டிக் பல்லுக்கானது. இது ஒய்கேகே வழக்கம். தாடாவோ யோஷிடா 1934-இல் தோக்கியோவில் தொடங்கிய அந்த நிறுவனத்தின் மூன்றெழுத்தை உங்கள் வீட்டு அலமாரியில் தேடினால் அரை டஜன் இடத்திலாவது கிடைக்கும். எண் ஒன்றே என்றாலும் ஒரு தயாரிப்பாளரின் ரன்னர் இன்னொருவரின் பல்லில் ஒழுங்காக உட்காரும் என்று சொல்ல முடியாது. கழற்றிய ரன்னரையே கையில் எடுத்துக்கொண்டு கடைக்குப் போவது நல்லது.

கூடார வாசல் ரன்னரில் கவனிக்க வேண்டியது இன்னொன்று உண்டு. உள்ளேயிருந்தும் வெளியேயிருந்தும் இழுக்க இரண்டு பக்கமும் கைப்பிடி இருக்கும், பூட்டு இருக்காது. பேன்ட், ஜாக்கெட் ரன்னரில் கைப்பிடியை விட்டதும் உள்ளே ஒரு சின்ன ஊசி பல்லுக்குள் இறங்கிப் பூட்டிக்கொள்ளும். அதை வாங்கிவந்து கூடாரத்தில் போட்டால், வளைவில் ஒவ்வொரு அங்குலமும் தகராறு பண்ணும்.

எங்கே போவது? தேக்கா சந்தை மாடியில் தையல்காரர்களுக்குப் பஞ்சமில்லை. ரவிக்கையும் சுடிதாரும் தைக்கும் இயந்திரத்தில் பை, ஜாக்கெட் ஜிப் வரை பார்த்துவிடுவார்கள். கூடார வாசலின் வளைவுக்குச் சிலர் தயங்குவார்கள், அது நியாயம்தான், அவ்வளவு துணியை இயந்திரத்தடியில் சமாளிப்பது கஷ்டம். சைனாடவுன் பீப்பிள்ஸ் பார்க் பக்கம் துணிக்கடைகளை ஒட்டித் தையல் சாமான் கிடைக்கும். கனத்த பை, ராணுவப் பை என்றால் பீச் ரோடு கோல்டன் மைல் உணவு நிலையக் கட்டடத்தில் இருக்கும் ராணுவச் சந்தை. மகன் எப்படியும் அங்கே போக வேண்டியிருக்கும். எம்ஆர்டி ரயில் நிலையங்களுக்குப் பக்கத்தில் உட்காரும் செருப்புத் தைப்பவர்களையும் சாதாரணமாக எண்ணாதீர்கள். தோல் தைக்கும் ஊசியும் கனமான நூலும் அவர்களிடம்தான் இருக்கும். போன இடத்தில் "முழு ஜிப்பையும் மாத்திடலாங்க, ரன்னர் மட்டும் போட்டா நிக்காது" என்று சொன்னால், பல்லை ஒரு தடவை சேர்த்துப் பார்க்கச் சொல்லுங்கள். பல் நன்றாக இருந்தால் ரன்னர் மட்டும் போதும். ஒரு கடையில் இப்படித்தான் பல் ஒன்றுகூடச் சிதையாத ஜிப்பைப் பிரித்தெடுத்துப் புதுசு போட்டார்கள். புதுசின் தையல் ஓட்டை வழியாக மழை ஒழுகியதுதான் மிச்சம். கூடாரத்தில் எங்கே புதிதாக ஊசி இறங்கினாலும் அந்த இடத்துக்குத் தையல் அடைக்கும் பசை தடவ வேண்டும்.

வீட்டிலேயே மாற்றுவதும் பெரிய வித்தை இல்லை. ஜிப் பட்டையின் ஒரு முனையில் நாலைந்து தையலைப் பிரியுங்கள். பழைய ரன்னரை அந்த முனை வழியாக உருவுங்கள். புது ரன்னரின் முன்வாய்கள் இரண்டையும் ஒரு முள்கரண்டியின் பற்களில் செருகி, கரண்டியை மேசை ஓரத்தில் அசையாமல் வைத்துக்கொண்டால் இரண்டு கையும் காலியாக இருக்கும். பட்டையின் இரண்டு முனைகளையும் ஒரே நீளத்துக்குக் கத்தரித்து, பின்வாய் வழியாக இரண்டையும் ஒரே நேரத்தில் உள்ளே தள்ளி, கரண்டிக்கு இரு பக்கமும் வெளியே இழுங்கள். ஒரு பக்கம் ஒரு பல் முன்னால் போனாலும் கடைசியில் வாசல் சுருங்கி நிற்கும். அப்படி ஆனால் வெளியே எடுத்துவிட்டு மறுபடி கோர்க்க வேண்டியதுதான். ஓடுவது சரியானதும் முனையில் பாலியெஸ்டர் நூலால் குறுக்கே பத்துப் பன்னிரண்டு தையல் இறுக்கிப் போடுங்கள், அதுவே தடுப்பாகிவிடும்.

ஒரே இடத்தில் பிளக்கும் ஜிப்புக்கு வைத்தியம் வேறு. சுருள் நெளிந்திருந்தால் ஊசி முனையால் நிமிர்த்திவிடலாம், பல நேரம் அது போதும். வார்ப்புப் பல் விழுந்துவிட்டால் திரும்ப ஒட்ட முடியாது. விழுந்த இடம் கீழ்முனைக்குப் பக்கத்தில் என்றால் அதற்கு மேலே தையல் தடுப்புப் போட்டு, வாசல் கொஞ்சம் சின்னதானால் என்ன என்று விட்டுவிடலாம். நடுவில் விழுந்தால் முழு ஜிப் மாற்றம்தான். ஜாக்கெட் அடியில் ஊசியைப் பெட்டிக்குள் சொருகுகிற இடத்தில் பட்டை நைந்து பிரிந்தால், தெளிவான நகப்பூச்சு ஒரு துளி வைத்துக் காயவிடுங்கள். விறைத்து நிற்கும், கொஞ்ச நாள் தாக்குப்பிடிக்கும்.

இப்போதுதான் தடவுகிற கதை. சுருள் ஜிப்புக்கு நான் விரும்புவது சிலிக்கான் வகை, காய்ந்து நிற்கும் பசையாகவோ குச்சியாகவோ விற்பது. இல்லையென்றால் வெள்ளை மெழுகுவத்தி. பற்களின்மேல் ஒரு தடவை கோடு இழுத்து, ரன்னரை மேலும் கீழும் ஓட்டி, வெளியே பிதுங்கியதைத் துணியால் துடைத்துவிட வேண்டும். கண்ணுக்கு வெள்ளையாகத் தெரிந்தால் அதிகம். சிலிக்கான் ஸ்பிரேயை நேராக ஜிப்பில் அடிக்காதீர்கள், துணியில் அடித்துத் தேய்க்கலாம். கூடாரத் துணியில் படிந்த சிலிக்கானின்மேல் பிற்பாடு தையல் டேப்பும் பசையும் ஒட்டாது.

பென்சில் தேய்ப்பது பித்தளைப் பல் ஜீன்ஸுக்குச் சரி. அலுமினியப் பல்லில், அதுவும் உப்புத் தண்ணீர் படுகிற சாமானில், வேண்டாம். கிராஃபைட்டும் அலுமினியமும் உப்பு நீரில் சேர்ந்தால் அலுமினியம் இன்னும் வேகமாக அரிக்கும். டபிள்யூடி-40 இறுகிப்போன ரன்னரை அந்த நேரத்துக்கு நகர்த்தும், ஆனால் பின்னால் எண்ணெய்ப் படலம் நிற்கும். மணல் அதில் வந்து ஒட்டும். அடிக்க நேர்ந்தால் பிறகு சோப்புப் போட்டுக் கழுவிவிடுங்கள். வாஸ்லீனுக்கும் இதே குறை.

மாமியாரிடம் எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை, ஆனால் தேங்காய் எண்ணெய் 24 டிகிரி வாக்கில்தான் உறையும். நம் ஊரில் அது பெரும்பாலும் திரவம்தான். சுருளிலிருந்து பட்டைக்கு, பட்டையிலிருந்து கூடாரத் துணிக்கு ஊறும், கறை பிடிக்கும், சிக்கு வாடை அடிக்கும், எறும்பையும் கரப்பானையும் அழைத்துவரும். வீட்டுக் கதவுக் கீலுக்கு அவர் எண்ணெய் விட்டால் தடுக்காதீர்கள், கூடாரத்துக்கு மட்டும் வேண்டாம்.

தண்ணீரே புகாத பைகளிலும் முக்குளிப்பு உடைகளிலும் வரும் காற்றுப் புகாத ஜிப்புகள் தனி ஜாதி. அவற்றுக்குத் தயாரிப்பாளர் சொன்ன பசையைத் தவிர வேறு எதையும் போடாதீர்கள், மடித்து வைக்காதீர்கள். இங்கே அவ்வளவுதான் சொல்ல முடியும்.

கையாளும் விதத்தில் ஒன்றிரண்டு. கூடாரம் போடும்போது வாசல் ஜிப்பை மூடிவிட்டுத்தான் முளை அடிக்க வேண்டும். திறந்து வைத்து அடித்தால் இரண்டு ஓரமும் விலகி நிற்கும், பிறகு மூடும்போதெல்லாம் ரன்னர் அந்த இழுவிசை முழுவதையும் தாங்கும். ஈஸ்ட் கோஸ்ட்டில் மாலைக் காற்றுக்குப் பயந்து கயிறுகளை விறைக்கக் கட்டுபவர்கள் இதில்தான் மாட்டிக்கொள்கிறார்கள். மூடும்போது ஒரு கை ரன்னரில், இன்னொரு கை அதற்கு முன்னால் இரண்டு ஓரத்தையும் சேர்த்துப் பிடித்தபடி. வளைவில் வேகத்தைக் குறையுங்கள். மழைத் தடுப்பு மடிப்பு உள்ளே மாட்டிக்கொண்டால் ரன்னரை முன்னால் இழுக்காதீர்கள். துணியைப் பக்கவாட்டில் இழுத்துப் பிடித்து, ரன்னரை வந்த வழியே பின்னுக்குத் தள்ளுங்கள். பிள்ளைகளிடம் இதைச் சொல்லிக் கொடுப்பது கஷ்டம். பெரியவர்களிடம் இன்னும் கஷ்டம்.

கடைசியாக, வைக்கும் இடம். நிறைய வீவக வீடுகளில் கூடாரம் போய்ச் சேர்வது வீட்டுப் புகலிட அறைக்கு, அதாவது போர் போன்ற ஆபத்தில் ஒதுங்கக் கட்டிய அறைக்கு. கனத்த இரும்புக் கதவு, காற்றோட்டம் கம்மி, அரிசி மூட்டையும் பழைய சூட்கேஸும் சேர்ந்து அடைந்து கிடக்கும். அங்கேதான் வைக்க வேண்டும் என்றால் உறையின் வாயை இறுக்காமல், தரையில் படாமல், சிலிக்கா ஜெல் பை இரண்டு மூன்றைப் போட்டு வையுங்கள். கடைகளில் விற்கும், தண்ணீர் சேர்கிற ஈர உறிஞ்சி டப்பாவைக் கூடாரத்துக்கு மேலே வைக்காதீர்கள். அதில் இருப்பது கால்சியம் குளோரைடு. கவிழ்ந்து கொட்டினால் கடல் தண்ணீரைவிட மோசம். பாலியூரித்தேன் பூச்சுள்ள கூடாரத்தை ஈரக் காற்றில் ஆண்டுக்கணக்கில் மூட்டை கட்டி வைத்தால் பூச்சே இளகிப் பிசுபிசுக்கும், அந்த நிலையில் ஜிப்பைக் காப்பாற்றியும் பயனில்லை. ஆண்டுக் கடைசியில் வடகிழக்குப் பருவமழை தொடங்குமுன் ஒரு நாள் வெளியே எடுத்து விரித்து, எல்லா ஜிப்பையும் ஒரு தடவை ஓட்டிப் பார்ப்பது என் வழக்கம். தேவைப்படுகிற ரன்னருக்கு அப்போது சிலிக்கான் தடவிவிடுவேன்.

உங்கள் கூடாரத்துக்கு இந்த வாரக் கடைசியில் கழுவும் வேலையை முடியுங்கள். நன்றாகக் காய்ந்தபின் குறடால் இரண்டு ஓரமும் ஒரு அழுத்து அழுத்திப் பாருங்கள். அப்படியும் பிளந்தால், ரன்னரின் முதுகில் இருக்கும் எண் தெரியும்படி ஒரு படம், வாசல் முனையில் தையல் போட்டிருக்கும் விதம் தெரியும்படி இன்னொரு படம், இரண்டையும் அனுப்புங்கள். எந்த ரன்னர் கேட்டு வாங்க வேண்டும், எந்த முனையைப் பிரிக்க வேண்டும் என்று சொல்கிறேன்.